பல்லி தட்டாமல் விட்டது

அந்தக் காலத்தில் பல்லிக்குப் பேச்சு வரும். பல்லிக்கு மட்டுமா? மைனாவுக்கும் நண்டுக்கும் எருமைக்கும்கூட வரும். எல்லாம் மனிதர்களோடு ஒரே ஊரில் வாழ்ந்து, ஒரே கூட்டத்தில் உட்கார்ந்து, ஒரே பேச்சைப் பேசின. ஆனால் இன்று நாம் பேசுவதைப் போல வாய்க்கு வந்தபடி பேசிவிட்டு எழுந்து போய்விட முடியாது. பேச்சுக்கு ஒரு முறை இருந்தது.

யார் எதைச் சொன்னாலும், சொல்லி முடித்ததும் தரையைத் தட்ட வேண்டும். சொன்னது கண்ணால் கண்டது என்றால் ஒரு முறை. பிறர் சொல்லிக் கேட்டது என்றால் இரண்டு முறை. கண்டதும் இல்லை, கேட்டதும் இல்லை, தானாக நினைத்துக்கொண்டது என்றால் மூன்று முறை. மனிதர்கள் விரலால் தட்டினார்கள். பறவைகள் அலகால் தட்டின, மாடுகள் குளம்பால் தட்டின, பல்லி வாலால் தட்டியது. பாம்பு எதனால் தட்டுவது என்பது மட்டும் கடைசிவரை தீர்மானமாகவில்லை. அந்தச் சங்கடத்தில்தான் அது ஊரைவிட்டு ஒதுங்கிப் புற்றுக்குள் போனது என்கிறார்கள். (இது நான் கேட்டது. இரண்டு முறை தட்டிவிட்டேன்.)

மூன்று முறை தட்டுவதில் இழிவு ஒன்றும் இல்லை. "இந்த வருஷம் மழை நல்லா இருக்கும்" என்று சொல்லி மூன்று முறை தட்டிவிட்டுத்தான் எல்லாரும் விதைக்கப் போனார்கள். "என் மகன் தங்கமானவன்" என்று சொல்லித் தாய்மார்கள் மூன்று முறை தட்டினார்கள். யாரும் சிரிக்கவில்லை.

கலுங்கடி என்ற ஊரில் ஒரு பல்லி இருந்தது. அந்த ஊரில் யாராவது பேசிவிட்டுத் தட்ட மறந்தால், அல்லது மறந்ததுபோல இருந்தால், பல்லி எங்கிருந்தாவது தலையை நீட்டும்.

"கண்டதா? கேட்டதா? நினைச்சதா?"

ஒருநாள் ராக்கன் என்பவன் பக்கத்து வயல்காரனிடம் சண்டைக்குப் போனான். ராக்கனின் வயல் தண்ணீர் முதலில் பாயும் தலைமடையில் இருந்தது. அதனால் அவன் குரலும் எப்போதும் மற்றவர்களுக்கு முன்னால் பாயும்.

"ஒம்மாடு எம்பயிர மேஞ்சுருச்சுடா!" என்று கத்திவிட்டுத் தரையை ஓங்கி ஒரு தட்டுத் தட்டினான்.

"அண்ணே, மாடு மேஞ்சதைக் கண்டீங்களா?" என்றது பல்லி.

"வரப்புல சாணி கெடந்துச்சு."

"அப்போ சாணிதான் கண்டது. மாடு நினைச்சது. சாணிக்கு ஒண்ணு தட்டியாச்சு. மாட்டுக்கு மூணு தட்டுங்க."

ராக்கன் பல்லைக் கடித்துக்கொண்டு மூன்று முறை தட்டினான். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். பல்லி இல்லாத இடத்தில் அவர்களே, "இந்தச் சனியன் இருக்கிற ஊர்ல நிம்மதியா ஒரு வம்பு பேச முடியலையே" என்று புலம்பினார்கள். ஆனாலும் வழக்கு என்று வந்தால் பல்லியைத்தான் தேடினார்கள். அதனால் பல்லிக்குக் கொஞ்சம் கர்வம் உண்டாகியிருந்தது.

"என் ஆயுசுல ஒரு தட்டுக்கு மேல நான் தட்டினதில்ல. கண்டதை மட்டும்தான் பேசுவேன்" என்று அது எல்லாரிடமும் சொல்லும். சொல்லிவிட்டு வாலால் ஒரே ஒரு முறை தட்டும்.

பல்லி குடியிருந்தது கண்மாயின் மதகுக் கல்லில். ஊரே அதை அங்கே வைத்திருந்தது. தண்ணீர் விஷயத்தில் தகராறு வந்தால் சொல்ல ஒரு சாட்சி வேண்டும் அல்லவா? அந்த மதகைப் பார்த்துக்கொண்டவள் உடையாள். அவளுடைய புருஷன் பார்த்த வேலை அது. அவன் இறந்த பிறகு அவளே தண்ணீருக்குள் மூழ்கி அடைப்பைத் திறந்தாள், மூடினாள். யாருக்கு எந்த நாள் முறையோ அந்த நாளில் தண்ணீர் விட்டாள். ராக்கன் இரண்டு தடவை முறை தவறித் தண்ணீர் கேட்டான். இரண்டு தடவையும் அவள், "ஒங்க நாளு வெள்ளிக்கிழமைண்ணே" என்று சொல்லிவிட்டுத் தலையைத் துவட்டப் போய்விட்டாள்.

கரையேறி வந்தால் அவள் பல்லியோடு பேசுவாள். பல்லி அவளை அக்கா என்றது. அவள் அதைத் தம்பி என்றாள். மதகுக் கல்லின் வெயில் படும் பக்கத்தில் அவள் உட்காரமாட்டாள். அது தம்பியின் இடம்.

ஐப்பசியில் ஒருநாள் மழை விட்ட மாலையில் ஈசல் கிளம்பியது. கரையின் அந்தப் பக்கத்துப் புற்றிலிருந்து புகைபோல எழுந்து வந்தது. பல்லிக்கு ஈசல் என்றால் என்ன என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அது மதகுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இறங்கிப் போய், தின்றது, தின்றது, நிமிர முடியாதவரை தின்றது. பிறகு கல்லின் இடுக்கில் புகுந்து தூங்கிவிட்டது. கண்விழித்தபோது வெயில் ஏறியிருந்தது. கண்மாயில் சேறுதான் இருந்தது.

ஒரு போகத்துத் தண்ணீர். பயிர் இன்னும் கதிர் விடப் பொதிகூடக் கட்டவில்லை.

பல்லி திகைத்து நின்றபோது மைனா வந்து உட்கார்ந்தது.

"என்னப்பா, தண்ணி பூராப் போயிருச்சு?" என்றது பல்லி.

"நீதானே இங்க குடியிருக்கே? என்னக் கேக்குறே?" என்றது மைனா. பிறகு குரலைத் தாழ்த்தி, "நேத்து சாயங்காலம் உடையா கரைமேல போனா. அவதான் தொறந்திருப்பா" என்று சொல்லிவிட்டு, அலகால் கல்லை மூன்று முறை தட்டியது. மைனா வம்புக்காரிதான். ஆனால் கணக்குத் தவறாமல் தட்டியது. அதை நாம் மறுக்கக் கூடாது.

அன்று பகலிலேயே ஊர் கூடியது. நாட்டாண்மை சேவுகன் நடுவில் உட்கார்ந்திருந்தார். உடையாள் ஈரச் சேலையோடு நின்றாள். சேற்றில் இறங்கி அடைப்பைத் தடவிப் பார்த்துவிட்டு நேராக வந்திருந்தாள்.

"அடைப்பு வச்சது வச்சபடி இருக்குங்கய்யா" என்று குனிந்து ஒரு முறை தட்டினாள்.

"தொறந்துட்டுத் திரும்ப மூடி வச்சா வச்சபடிதான் இருக்கும்" என்றான் ராக்கன். "கீழூர்க்காரனுக்குத் தண்ணிய விட்டுட்டு இங்க வந்து ஈரச் சேலையக் காட்டுறா."

"அண்ணே, நீங்க இன்னும் தட்டலை" என்றது பல்லி.

ராக்கன் வேண்டா வெறுப்பாக மூன்று முறை தட்டினான். நாட்டாண்மை தாடியைத் தடவினார்.

"ஏ ஆத்தா, நீ தொறக்கலைங்கிறதுக்கு யாராச்சும் இருக்காங்களா?"

உடையாளின் முகம் தெளிந்தது. "ஏன் இல்லாம? மதகுலேயே குடியிருக்குல்ல எந்தம்பி. அதைக் கேளுங்க. அது கண்டதத்தான் சொல்லும்."

எல்லாரும் பல்லியைப் பார்த்தார்கள்.

இந்த இடத்தில் பல்லி சொல்லியிருக்க வேண்டியது மிகச் சிறியது. "நான் பார்க்கவில்லை. தின்றுவிட்டுத் தூங்கிவிட்டேன்." அவ்வளவுதான். ஆனால் ஆயுள் முழுக்க ஊரைக் கேள்வி கேட்டவனுக்கு அதைச் சொல்வது எளிதல்ல. ராக்கன் எப்படிச் சிரிப்பான் என்பதைப் பல்லி மனசுக்குள் முன்கூட்டியே கேட்டுவிட்டது. ஈசல் அதன் வயிற்றில் இன்னும் கனத்தது.

"உடையா தொறக்கலை" என்று சொல்லிவிடலாமா என்று யோசித்தது. சொன்னால் அடுத்த கேள்வி வரும். பிறகு தண்ணீர் எப்படிப் போனது, நீ எங்கே இருந்தாய் என்று கேட்பார்கள். "தொறந்தாள்" என்றால் கேள்விகள் அதோடு முடிந்துவிடும். கேள்வி கேட்பதே பிழைப்பாக இருந்த பிராணி, கேள்விக்குப் பயந்தது.

"அக்கா தொறந்ததா..." என்றது பல்லி. "தொறந்தாங்க."

வாலைத் தூக்கி ஒரு முறை தட்டியது.

மைனாவிடம் கேட்டது என்றால் இன்னொரு முறை தட்ட வேண்டும். வால் அதற்காக உயர்ந்தும்விட்டது. உயர்ந்த வால் அந்தரத்தில் நின்றது.

அப்போது யாராவது, "கண்டதா? கேட்டதா? நினைச்சதா?" என்று கேட்டிருக்கலாம். ஆனால் அந்த ஊரில் அதைக் கேட்கும் வேலை பல்லியுடையது. பல்லியைக் கேட்க ஆள் இல்லை.

உடையாள் மட்டும் அந்த வாலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அவ்வளவுதானா தம்பி? தட்டி முடிச்சிட்டியா?" என்றாள்.

பல்லி அவள் முகத்தைப் பார்க்கவில்லை. வாலை மெதுவாக, ஓசைப்படாமல், தரையில் இறக்கி வைத்தது.

"முடிச்சிட்டேன்க்கா."

உடையாள் அழவில்லை, சபிக்கவில்லை, மண்ணை வாரித் தூற்றவும் இல்லை. மதகு அடைப்பைத் தூக்கப் பயன்படும் கயிற்றை நாட்டாண்மையின் காலடியில் வைத்தாள். அன்று வெயில் தாழ்வதற்குள் ஒரு மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு, தங்கை வாழ்க்கைப்பட்ட மேலக்குடிக்கு நடந்தாள். ஊர் கலைந்தது. பல்லி மட்டும் இருந்த இடத்தில் இருந்தது. அவள் கண்மாய்க் கரையைத் தாண்டி மறைந்ததும் பல்லியின் வால் தானாகக் கழன்று விழுந்தது. விழுந்த வால் தரையில் துடித்துத் துடித்துத் தட்டியது. இரண்டு, மூன்று, பத்து, இருபது. எண்ணுவதற்கு அங்கே யாரும் இல்லை.

மதகுப் பொறுப்பு ராக்கனின் மைத்துனனுக்குப் போனது.

பல்லி அதற்குப் பிறகு யாரையும் கேள்வி கேட்கவில்லை. யாராவது தட்டாமல் பேசினால் தலையை உள்ளே இழுத்துக்கொண்டது. அது கேட்காமல் போனதும் ஊர் அதை உடனே கவனித்தது. ஒருவாரம் எல்லாரும் பழக்கத்தில் சரியாகத் தட்டினார்கள். அப்புறம் எல்லாவற்றுக்கும் ஒரு முறை தட்டினார்கள். பிறகு அதுவும் எதற்கு என்று விட்டார்கள். வம்பு பேச அவ்வளவு வசதியான ஒரு மார்கழி கலுங்கடியில் அதற்கு முன் வந்ததில்லை.

தை மாதம் சேறு காய்ந்து வெடித்தது. மதகுக் கல்லுக்கு அடியில் சரிந்து கிடந்த மண் உதிர்ந்தது. உள்ளே ஒரு பொந்து தெரிந்தது. மனிதத் தலை நுழையும் அளவு பெரிய பொந்து. அதிலிருந்து ஒரு நண்டு எட்டிப் பார்த்தது.

"என்னப்பா பல்லி, நல்லாருக்கியா? மழைக்காலத்துல எவ்வளவு அருமையா வளை தோண்டி வச்சிருந்தேன். தண்ணி புகுந்து இப்படிக் குடைஞ்சு பெருசாக்கிருச்சு. அடைப்பு பாட்டுக்கு அடைப்பா இருக்கு, தண்ணி பூரா என் வீட்டு வழியாப் போகுது! அன்னைக்கு நீ பாக்கலையா?" என்று கேட்டுவிட்டுக் கொடுக்கால் ஒரு முறை தட்டியது.

பல்லி தலையை நீட்டிப் பொந்துக்குள் பார்த்தது. அப்போதே இறங்கி மேலக்குடிக்கு நடந்தது. பல்லிக்கு அது இரண்டு பகல் தூரம். வால் இருந்த இடத்தில் எலும்பில்லாத ஒரு குட்டை வால் முளைத்துக்கொண்டிருந்தது. அதை மண்ணில் படாமல் தூக்கிக்கொண்டே நடந்தது.

உடையாள் யாருடைய வயலிலோ களை பறித்துக்கொண்டிருந்தாள். பல்லி வரப்பில் ஏறி நின்றது. அவள் பார்த்தாள். பார்த்துவிட்டுக் களை பறித்தாள்.

"அக்கா, நான் காணலை" என்றது பல்லி. "நண்டு வளைக்கா. அதுவழியாப் போயிருக்கு. நீங்க தொறக்கலை."

"தெரியும்" என்றாள் உடையாள்.

"அன்னைக்கு நான் தூங்கிட்டேன். பாக்கலைன்னு சொல்ல வெக்கமா இருந்துச்சு."

"இப்போ?"

"இப்போ அதைவிட வெக்கமா இருக்கு."

அவள் நிமிர்ந்தாள். கையிலிருந்த களையை உதறினாள்.

"நான் தொறக்கலைன்னு ரெண்டு நாள் நடந்து வந்து எங்கிட்டச் சொல்றியே, அது எனக்குத் தெரியாதா தம்பி? ஊருக்குல்ல தெரியாது? இந்த ஊரு மதகுக்கு ஆள் இல்லை. என்னை வைக்கலாமான்னு யோசிக்கிறாங்க. வர்ற பௌர்ணமிக்குள்ள வீரணன்னு ஒருத்தரு ஒங்க ஊருக்கு விசாரிக்க வர்றாரு. அவரு காதுல விழுற மாதிரி சாவடியில சொல்லு. சொல்லுவியா?"

"சொல்றேன்க்கா."

உடையாள் அதன் குட்டை வாலைப் பார்த்தாள். தட்டு என்று அவள் சொல்லவில்லை. அதுதான் பல்லிக்கு அதிகமாகச் சுட்டது.

அது திரும்பி ஓடியது. வழியெல்லாம் சொல்ல வேண்டியதைச் சொல்லிச் சொல்லிப் பழகியது. "நான் காணவில்லை. மைனா நினைத்ததைக் கேட்டேன். கண்டதுபோல ஒரு முறை தட்டினேன்." தனியாக இருக்கும்போது சொற்கள் ஒழுங்காகவே வந்தன. அப்படித்தான் வரும்.

அது சாவடியை அடைந்தபோது மேலக்குடி வீரணன் நாட்டாண்மைக்கு எதிரில் உட்கார்ந்திருந்தார். ராக்கனும் இருந்தான். நாற்பது ஐம்பது பேர் இருந்தார்கள். தரையில் இறங்கி நடுவில் நிற்கப் பல்லிக்குக் கால் வரவில்லை. பேச்சு நன்றாகக் கேட்கும் என்று தனக்குத்தானே காரணம் சொல்லிக்கொண்டு சுவரில் ஏறிக்கொண்டது.

"பொம்பளை நல்லாத்தான் வேலை செய்யிறா. ஆனா அவளைப்பத்தி ஒரு பேச்சு இருக்கு. அது நெசமா?" என்று வீரணன் கேட்டார்.

"பேச்சா? ஊரறிஞ்ச விஷயம்" என்றான் ராக்கன்.

"ஊரறிஞ்சது இருக்கட்டும்ப்பா. கண்டவங்க யாரு?"

சுவரில் இருந்த பல்லி தலையை நீட்டியது. அது கேட்க வேண்டிய கேள்வி, வேறொருவர் வாயிலிருந்து வந்துவிட்டது. இதோ, இதுதான் இடம். அது வாயைத் திறந்தது.

நாட்டாண்மை கையை உயர்த்தினார். "உடையாதான் மதகைத் தொறந்தா. எங்க ஊருப் பல்லியே கண்டு சொல்லிருச்சு. ஆயுசுல ஒரு பொய் சொல்லாத பல்லி."

அந்தக் கடைசி வார்த்தை இல்லாமல் இருந்திருந்தால் ஒருவேளை சொல்லியிருக்கும். (இது நான் நினைத்தது.) அத்தனை பேர் முன்னால், அத்தனை பெரிய பாராட்டுக்கு அடியில் கிடந்துகொண்டு, "நான் காணவில்லை" என்ற இரண்டு சொற்களைப் பல்லியால் தூக்க முடியவில்லை. நாக்கு மேலண்ணத்தில் ஒட்டி ஒட்டி விலகியது. துக்க வீட்டில் வாசலில் நிற்பவர்கள் உச்சுக் கொட்டுவார்களே, அதுபோல ஓர் ஓசைதான் வந்தது.

"ச்சு... ச்சு... ச்சு..."

சாவடி முழுவதும் நிமிர்ந்து சுவரைப் பார்த்தது.

"கேட்டீங்களா!" என்று ராக்கன் தொடையில் அடித்தான். "பல்லியே ஆமாங்குது!"

பல்லி தலையை இப்படியும் அப்படியும் ஆட்டியது. மறுபடி வாயைத் திறந்தது. "ச்சு... ச்சு..."

"சரி, சரி. ஒரு தடவ சொன்னாப் போதும்ப்பா" என்றார் நாட்டாண்மை பெருமையாக. அவருக்குத் திடீரென்று பழைய முறை நினைவுக்கு வந்தது. முழுவதுமாக அல்ல, பேசியபின் தரையைத் தட்டுவார்கள் என்ற அளவுக்கு. குனிந்து விரலால் தட்டினார். தனக்கு ஒன்று, பல்லிக்கு ஒன்று, ஊருக்கு ஒன்று. ஆக மூன்று. மூன்று முறை தட்டினால் முன்பு அதற்கு என்ன பொருள் என்பது அந்தச் சாவடியில் உட்கார்ந்திருந்த ஒருவருக்கும் நினைவுக்கு வரவில்லை. சுவரில் இருந்த ஒன்றுக்கு மட்டும் நினைவிருந்தது.

வீரணன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். "பல்லியே சொன்னதுக்கு அப்புறம் நான் என்னத்தச் சொல்ல" என்று நடந்தார்.

அவர் வருகிற வழியைப் பார்த்துக்கொண்டு உடையாள் மேலக்குடிக் கரையில் நின்றாளா என்று எனக்குத் தெரியாது. நின்றிருப்பாள் என்று நினைக்கிறேன். மூன்று முறை தட்டிவிட்டேன்.

பல்லி அந்தச் சுவரை விட்டு இறங்கவில்லை. பேச்சும் அதற்குத் திரும்பவில்லை. படங்களுக்குப் பின்னாலும் காலண்டருக்குப் பின்னாலும் முகத்தை மறைத்துக்கொள்கிறது. யாராவது கிட்டே வந்தால், தப்பு செய்தது இதுதான் என்பதுபோல வாலைக் கழற்றிப் போட்டுவிட்டு ஓடுகிறது. கீழே நாம் உட்கார்ந்து யாரையாவது பற்றி ஒன்றை அடித்துச் சொல்லும்போது அதற்கு அந்தச் சாவடி ஞாபகம் வந்துவிடுகிறது. வாயைத் திறக்கிறது. வருவது உச்சுக் கொட்டும் ஓசைதான். சாவடியில் அந்த ஓசை முதன்முதலாகக் கேட்ட அன்றிலிருந்துதான், "பாத்தியா, பல்லியே சொல்லிருச்சு, நெசந்தான்" என்று நாம் பூரித்துப் போய், குனிந்து தரையை விரலால் தட்டுகிறோம். சரியாக மூன்று முறை.